எக்செலின் நம்பிக்கை இடைவெளிச் சார்புகள்: எதை எடுப்பது, எங்கே சறுக்கும்

மாதிரியின் சராசரியைக் கண்டாயிற்று, உண்மைச் சராசரி அதிலிருந்து எவ்வளவு முன்னே பின்னே இருக்கலாம் என்று, அதாவது நம்பிக்கை இடைவெளியைப் பார்க்க, எக்செலில் கான்ஃபிடன்ஸ்.நார்ம் (CONFIDENCE.NORM), கான்ஃபிடன்ஸ்.டி (CONFIDENCE.T) என இரண்டு சார்புகள் உண்டு. இரண்டும் 2010 பதிப்பில் வந்தவை. லிப்ரே ஆஃபிஸ் கால்க்கிலும் இதே பெயரில் கிடைக்கும். ஆல்ஃபா, திட்டவிலக்கம் (மதிப்புகள் சராசரியிலிருந்து எவ்வளவு சிதறியுள்ளன என்ற அளவு), மாதிரி அளவு என்று மூன்றே உள்ளீடுகள்.

கணக்கில் குறை சொல்ல ஒன்றுமில்லை. உள்ளீட்டில்தான் பலர் சறுக்குகிறார்கள். முதல் உள்ளீடான ஆல்ஃபாவில் கேட்பது நம்பிக்கை மட்டத்தை அல்ல, அதை 1-இலிருந்து கழித்த மதிப்பை. 95 விழுக்காட்டுக்கு 0.05 தர வேண்டும். அங்கே 0.95 என்று அடித்தால் பிழைச்செய்தி எதுவும் வராது, 5% நம்பிக்கைக்கான விடை வந்துவிடும். திட்டவிலக்கம் 12, மாதிரி 36 என்றால் நார்ம் தர வேண்டியது 3.92. இந்தத் தவறில் 0.13 வரும், பார்ப்பவரும் துல்லியம் பிரமாதம் என்று நம்பிவிடுவார். இத்தனை ஆண்டுகளில் இதற்கு ஓர் எச்சரிக்கையாவது வைத்திருக்க வேண்டும். வரும் விடையும் பாதி அகலம்தான். சராசரியோடு கூட்டியும் கழித்தும் எழுதினால்தான் இடைவெளி, அதன் முழு அகலம் 7.84.

அகலம் எப்படி மாறுகிறது என்று பார்க்க இதைவிட எளிய கருவி கிடையாது. அதே மாதிரியில் 90% என்றால் 3.29, 99% என்றால் 5.15. மட்டத்தை 95%-இலேயே விட்டு மாதிரியை 72 ஆக்கினால் 2.77. இரட்டிப்பாக்கியும் அகலம் பாதியாகவில்லை, ஏனென்றால் வகுப்பது மாதிரி அளவின் வர்க்கமூலத்தால். பாதியாக, அதாவது 1.96 ஆக, 144 வேண்டும். 99% நம்பிக்கையும் வேண்டும், 3.92-ஐத் தாண்டவும் கூடாது என்றால் 36 பேர் போதாது, 63 பேர் தேவை. ஆய்வுக்குச் செலவு போடும் முன்பே இதைப் போட்டுப் பார்த்துவிடுவது நல்லது.

எதை எடுப்பது? திட்டவிலக்கத்தையும் அதே மாதிரியிலிருந்து கணக்கிட்டிருந்தால் டி-தான் சரி. 36 பேருக்கு டி தருவது 4.06, வித்தியாசம் சிறிது. 5 பேர் மட்டும் என்றால் நார்ம் 10.52 தரும், டி 14.90 தரும். சிறிய மாதிரியில் நார்மை நம்பினால் இடைவெளி பொய்யாகக் குறுகிவிடும். திட்டவிலக்கத்துக்கு மாதிரிக்கான எஸ்டிடெவ்.எஸ் (STDEV.S) பயன்படுத்துங்கள், முழுத்தொகுதிக்கான எஸ்டிடெவ்.பி (STDEV.P) வேண்டாம்.

விகிதங்களுக்கென்று தனிச் சார்பு இல்லாதது பெரிய குறை. விகிதத்தை, 1-இலிருந்து அதைக் கழித்த மதிப்பால் பெருக்கி, வர்க்கமூலம் எடுத்துத் திட்டவிலக்கமாகத் தரலாம். பாதிக்குப் பாதி என்ற நிலையில் இது நன்றாகவே வேலை செய்யும்: 95 விழுக்காட்டு நம்பிக்கையில் பிழை 5 விழுக்காட்டுப் புள்ளிக்குள் நிற்க 385 பேர் வேண்டும். ஆனால் 50 பொருளைச் சோதித்து ஒன்றில்கூடப் பழுது இல்லை என்றால் திட்டவிலக்கம் சுழி, சார்பு எண் பிழை (#NUM!) காட்டி நின்றுவிடும். அப்போது ‘மூன்றின் விதி’ என்ற தோராய வழிப்படி 3-ஐ 50-ஆல் வகுங்கள். பழுது சுமார் 6% வரை இருக்கலாம் என்பதே 95 விழுக்காட்டு மேல் எல்லை.