பாலம் விமானப்படை அருங்காட்சியகம்: அர்ஜன் சிங்கோடு ஒரு சுற்று

ஊரிலிருந்து டெல்லிக்கு வரும் சொந்தக்காரர்கள் செங்கோட்டை, குதுப்மினார், ஆர்.கே.புரம் மலை மந்திர் என்று ஒரு பட்டியலோடுதான் ரயிலை விட்டு இறங்குகிறார்கள். பாலம் விமானநிலையத்தை ஒட்டியிருக்கும் விமானப்படை அருங்காட்சியகம் அதில் இருப்பதே இல்லை. 1967 முதல் இருக்கும் இடம் அது. நான் விமானப்படையில் ஏர்ஃப்ரேம் ஃபிட்டராக, அதாவது விமானத்தின் உடற்கூட்டைப் பழுதுபார்ப்பவனாக, இருந்து சார்ஜென்ட்டாக வெளியே வந்தவன். அதனால் என் மதிப்பெண்ணில் கொஞ்சம் பாசம் கலந்திருக்கும், கழித்துக்கொள்ளுங்கள்.

இது விமானங்களுக்காக வைத்த இடம். படங்கள், சீருடைகள், பதக்கங்கள் ஒரு பக்கம். விமானங்களை நிறுத்தும் கொட்டகையான ஹேங்கர் இன்னொரு பக்கம். பெரிய விமானங்கள் வெளியே வெயிலில். படத்தில் இருக்கும் மனிதர் எந்த விமானத்தில் உட்கார்ந்திருந்தார் என்று நாம்தான் கோத்துக்கொள்ள வேண்டும். கோக்காமல் நடந்தால் அரை மணி நேரத்தில் எல்லாம் ஒன்று போலத் தெரிய ஆரம்பித்துவிடும். அதனால் யாரைக் கூட்டிப்போனாலும் ஒரே ஓர் ஆளைப் பிடித்துக்கொண்டு நடக்கச் சொல்வேன். அந்த ஆள் அர்ஜன் சிங்: 1965 போரில் விமானப்படைத் தளபதி, பிறகு படையின் மிக உயர்ந்த பதவியான மார்ஷல்.

சமீபத்தில் வந்த அக்கா பையன் விமானப்படைத் தேர்வுக்குப் படிக்கிறான். 1919-இல் லயால்பூரில் பிறப்பு, 1938-இல் கிரான்வெல் பயிற்சிக் கல்லூரி, 1964-இல் தளபதி, 2002-இல் மார்ஷல் என்று தேதிகளைக் கடகடவென்று ஒப்பித்தான். “சரிடா, அவர் முதலில் ஓட்டிய வாப்பிட்டி எப்படி இருக்கும்?” என்றேன். முழித்தான். நேரே அதன் முன்னால் கொண்டுபோய் நிறுத்தினேன்.

வெஸ்ட்லாண்ட் வாப்பிட்டி, இரட்டை இறக்கை விமானம். 1933 ஏப்ரல் 1 அன்று கராச்சியில் நம் முதல் ஸ்குவாட்ரன், அதாவது விமானப் பிரிவு, தொடங்கியபோது இருந்தவை இப்படி நான்கே நான்கு. கூட இருந்த தரைப் பணியாளர்கள் 19 பேர். ‘ஹவாய் சிப்பாய்கள்’, அதாவது விமானச் சிப்பாய்கள், என்று அவர்களுக்குப் பெயர். என் தொழிலுக்கு முன்னோடிகள் அவர்கள்தான். உலோகச் சட்டத்தின் மேல் துணியைப் போர்த்தி, பசை போல ஒரு பூச்சைத் தடவி இறுக்கியிருப்பார்கள். பக்கவாட்டில் நின்று பார்த்தால் துணிக்குக் கீழே இறக்கையின் எலும்புகள் வரிவரியாகத் தெரியும். விமானிக்குத் தலைக்கு மேல் மூடி கிடையாது, பின்னால் துப்பாக்கிக்காரருக்கும் கிடையாது. இருபது வயதில் இதில் ஏறித்தான் அர்ஜன் சிங் வடமேற்கு எல்லை மலைகளுக்கு மேல் பறந்தார். இது போன்ற ஒரு திறந்த விமானத்தில்தான், கீழிருந்து பழங்குடியினர் சுட்டதில் எஞ்சின் நின்று, ஓடைப் படுகையில் இறங்கி, முகத்தில் அடியோடு தப்பினார். “மாமா, இது துணியா!” என்று பையன் கையை நீட்டப் போனான். தொடக் கூடாது, தடுத்துவிட்டேன்.

அப்புறம் ஹரிக்கேன், இரண்டாம் உலகப் போர்க் காலத்துப் போர்விமானம். இதை அவசரமாகத் தாண்டிவிடாதீர்கள். மூக்கிலிருந்து விமானி இருக்கை வரை உலோகத் தகடு, அதற்குப் பின்னால் துணி. பழைய காலமும் புதிய காலமும் ஒரே உடம்பில் சேரும் இடத்தைக் கண்ணால் பார்க்கலாம். 1944-இல் இம்பாலை ஜப்பானியர் முற்றுகையிட்டிருந்தபோது அர்ஜன் சிங் முதலாம் ஸ்குவாட்ரனுக்குத் தலைமை தாங்கியது ஹரிக்கேன்களோடுதான். அங்கேயே மவுண்ட்பேட்டன் வந்து டி.எஃப்.சி. என்ற வீரப் பதக்கத்தை அவர் சட்டையில் குத்தினார். பக்கத்திலேயே எதிரணிச் சரக்கும் ஒன்று இருக்கிறது: ஓகா என்ற ஜப்பானியத் தற்கொலை ராக்கெட் விமானம். திரும்பி வருவதற்காகச் செய்தது இல்லை, அதனால் சக்கரமும் இல்லை. பிள்ளைகள் அதிக நேரம் நிற்பது இதன் முன்னால்தான்.

ஸ்பிட்ஃபயர், டெம்பஸ்ட் போர்விமானங்கள் வரும்போது 1947-ஐ நினைத்துக்கொள்ளுங்கள். ஆகஸ்ட் 15 அன்று செங்கோட்டைக்கு மேல் நூற்றுக்கும் அதிகமான விமானங்கள் பறந்த அணிவகுப்பை நடத்திச் சென்றவர் அவர்தான்.

எனக்குப் பிடித்த இடம் ‘வேம்பயர்’, ‘நாட்’ என்ற இரண்டு ஜெட் போர்விமானங்கள் நிற்கும் இடம். 1965 செப்டம்பர் 1. ஜம்முவின் சம்ப் பகுதியில் பாகிஸ்தான் டாங்கிகள் முன்னேறுகின்றன. எவ்வளவு நேரத்தில் விமானங்களை அனுப்ப முடியும் என்று பாதுகாப்பு அமைச்சர் சவான் கேட்கிறார். ஒரு மணி நேரம் என்கிறார் தளபதி அர்ஜன் சிங். வயது 46. சொன்ன நேரத்துக்குள்ளேயே பதான்கோட்டிலிருந்து விமானங்கள் கிளம்பிவிட்டன. புத்தகத்தில் படிக்கும்போது இந்த வரி கம்பீரமாக இருக்கும். முதலில் போனவை வேம்பயர்கள் என்பதை இங்கே அவற்றின் முன்னால் நின்று யோசித்துப் பாருங்கள். 1948 முதல் நம்மிடம் இருந்த, வயதாகிப்போன ஜெட். அன்று மாலையே நான்கு வேம்பயர்கள் திரும்பவில்லை. ஒரு மணி நேரம் என்று சொன்னவருக்குத் தன்னிடம் என்ன இருக்கிறது என்று தெரியாமல் இருந்திருக்காது.

அதற்கு அடுத்து களத்துக்கு வந்தது நாட். நீளம் 9 மீட்டருக்கும் குறைவு. வீட்டு வாசலில் நிற்கும் ஸ்கூல் வேனுக்குப் பக்கத்தில் நிறுத்தினால்கூடப் பெரிதாகத் தெரியாது. ஃபிட்டருக்கு இது ஒரு சோதனை. உடம்பு சின்னது என்றால் உள்ளே கையை விடவும் இடம் சின்னதுதான். அரசின் விமானத் தயாரிப்பு நிறுவனமான பெங்களூரு எச்.ஏ.எல்.லில் உரிமம் வாங்கிச் செய்தவை. பாகிஸ்தானிடம் இருந்த, அமெரிக்கத் தயாரிப்பான சேபர் விமானங்களை இவை வீழ்த்தியதால் ‘சேபர் கொல்லி’ என்று பெயரே வந்தது. இன்னொரு நாட், தவறிப்போய் எதிரி ஓடுதளத்தில் இறங்கிய ஒன்று, கராச்சி அருங்காட்சியகத்தில் நிற்கிறது. அவர்களுக்கும் காட்ட ஏதாவது வேண்டாமா.

அவர் தளபதியாக இருந்த காலத்தில் வந்த ஜெட் விமானங்கள் மாருத்தும் சுகோய்-7உம். 1971 போரில் ஏவுகணை பட்டும் விமானி ஓட்டிக்கொண்டு வந்து சேர்த்த ஒரு சுகோயின் பின்பகுதியை இங்கே வைத்திருக்கிறார்கள். கிழிந்த தகட்டின் ஓரம் வெளிப்பக்கமாக விரிந்திருக்கும் விதத்தைப் பாருங்கள். இதைப் பற்றி நான் பத்து நிமிடம் பேசினேன், பையன் போனை எடுத்துவிட்டான்.

1969-இல் பதவி முடிந்த பிறகு சுவிட்சர்லாந்தில் தூதர், கென்யாவில் ஹை கமிஷனர், டெல்லியில் துணைநிலை ஆளுநர். அதெல்லாம் ஹேங்கரில் கிடைக்காது, எனக்கும் பெரிய அக்கறை இல்லை. ஆனால் இரண்டு விஷயங்களைக் கூட வருபவர்களுக்குச் சொல்லாமல் விடமாட்டேன். தன் பண்ணை நிலத்தை விற்று, ஓய்வுபெற்ற விமானப்படையினருக்காக 2 கோடி ரூபாய் கொடுத்தார். எங்களைப் போன்ற ஏர்மேன்கள் அவர் பெயரைச் சொல்லும்போது குரல் மாறுவது 1965-க்காக மட்டும் இல்லை. இன்னொன்று, 2015-இல் கலாமின் உடல் இதே பாலத்தில் வந்து இறங்கியபோது, 96 வயதில், சக்கர நாற்காலியிலிருந்து எழுந்து நின்று சல்யூட் அடித்தார். விமானியாக ஆசைப்பட்டுத் தேர்வில் இடம் கிடைக்காமல் திரும்பிய ராமேஸ்வரத்துக்காரருக்கு, விமானப்படையின் ஒரே மார்ஷல் அடித்த சல்யூட்.

வெளியே நிற்கும் லிபரேட்டர் குண்டுவீச்சு விமானத்துக்கு ஐந்து நிமிடமாவது கொடுங்கள். இரண்டாம் உலகப் போர் முடிந்ததும் கான்பூரில் வெள்ளைக்காரர்கள் உடைத்துப் போட்டுவிட்டுப் போனவற்றை எச்.ஏ.எல். ஆட்கள் தேற்றிப் பறக்கவிட்டு, 1968 வரை ஓட்டினார்கள். என்னைக் கேட்டால் அருங்காட்சியகத்திலேயே பெரிய சாதனை இதுதான், ஆனால் நான் ஃபிட்டர், அப்படித்தான் சொல்வேன்.

அடையாள அட்டை கட்டாயம் கையில் இருக்கட்டும். வாரத்தில் எல்லா நாளும் திறந்திருக்காது, கிளம்பும் முன் பார்த்துக்கொள்ளுங்கள். ஆர்.கே.புரத்திலிருந்து ஆட்டோவில் போய்விடலாம். விமானநிலையம் என்று மொட்டையாகச் சொன்னால் டெர்மினல் வாசலில் இறக்கிவிட்டுப் போய்விடுவார்கள். மே, ஜூனில் போவதாக இருந்தால் வெளியே நிற்கும் விமானங்களைக் காலையிலேயே பார்த்துவிட்டு அப்புறம் ஹேங்கருக்குள் போங்கள். லிபரேட்டரைச் சுற்றி வர நிழல் இருக்காது.