டைனமோ பெல்ட்: ஒர்க்ஷாப்பில் விடுவதா, வீட்டு வாசலில் முடுக்குவதா?

காலையில் சாவியைத் திருப்பியதும் நாலைந்து வினாடி ‘கீஈச்ச்’ என்று ஒரு கத்தல். அப்புறம் ஒன்றுமே நடக்காத மாதிரி அமைதி. என் 2006 மாருதி 800 இப்படிக் கத்த ஆரம்பித்து ஒரு வாரம் நான் கண்டுகொள்ளவில்லை. எதிர்வீட்டு அம்மா கோலம் போட்டுக்கொண்டே, “ஏனுங்க தம்பி, வண்டிக்குள்ள பூனை கீனை மாட்டிக்கிச்சுங்களா?” என்று கேட்ட பிறகுதான் பானெட்டைத் திறந்தேன். பூனை இல்லை. டைனமோவைச் சுற்றுகிற பெல்ட் தளர்ந்து கிடந்தது.

விசைத்தறி ஊரான சோமனூர்க்காரனுக்கு வி-பெல்ட் (பக்கங்கள் V மாதிரி சரிந்த ரப்பர் பெல்ட்) ஒன்றும் புதுசில்லை. எங்கள் தறிக்குடோனில் தறிக்கு ஒரு மோட்டார், மோட்டாருக்கு ஒரு பெல்ட். தறி ஓடுகிற சத்தத்தை வைத்தே எந்தத் தறியில் பெல்ட் வழுக்குகிறது என்று அய்யன் (அப்பா) சொல்லிவிடுவார். மோட்டாரின் நட்டைத் தளர்த்தி, கொஞ்சம் பின்னால் தள்ளி, மறுபடி முடுக்கிவிட்டு அடுத்த வேலைக்குப் போய்விடுவார். காரிலும் அதே சங்கதிதான். ஆனால் கார் என்றதும் எனக்கு ஒரு பயம். பதினைந்து வருஷம் ஒர்க்ஷாப்பிலேயே விட்டுக்கொண்டிருந்தேன். இப்போது மூன்று வருஷமாக வீட்டு வாசலில் நானே பார்க்கிறேன். இரண்டையும் செய்து பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன், என் ஓட்டு வீட்டு வாசலுக்குத்தான். ஏன் என்பதற்கு ஒரே ஒரு காரணம்தான் கனமானது. அதைப் பிறகு சொல்கிறேன்.

முதலில் ஒரு பெயர் விளக்கம். இன்ஜின் ஓடும்போது மின்சாரம் உண்டாக்கிப் பாட்டரியைச் சார்ஜ் பண்ணுகிற கருவிக்கு ஆல்டர்னேட்டர் என்பதுதான் சரியான சொல். எங்கள் பக்கம் இன்றைக்கும் அது டைனமோதான். ரேடியேட்டர் விசிறி மின்சாரத்தில் சுற்றுகிற வண்டிக்கும் கடையில் போய் ‘பேன் பெல்ட்’ என்றுதான் கேட்கிறோம். கடைக்காரருக்கும் புரிகிறது, சரி, விடுங்கள்.

காசு, நேரம் இரண்டையும் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். பெல்ட் முடுக்க ஒர்க்ஷாப்பில் பெரிய கூலி ஒன்றும் கேட்பதில்லை. தெரிந்தவர் என்றால் வாங்கவே மாட்டார். ஆகவே காசு மிச்சம் என்று வீட்டில் செய்வதில் அர்த்தமில்லை. நேரத்தில் வித்தியாசம் இருக்கிறது. பத்து நிமிஷ வேலைக்கு அரை நாள் வண்டியை விட்டுவிட்டு, கருமத்தம்பட்டிக்கு பஸ் பிடிக்க வேண்டியிருக்கும். வீட்டில் ஞாயிற்றுக்கிழமை காப்பி ஆறுவதற்குள் முடிந்துவிடும். கருவியும் பிரமாதமாக எதுவும் வேண்டாம். என் வண்டிக்கு 12, 14 ரிங் ஸ்பேனர், ஒரு அடி நீள மரக்கட்டை, ஒரு டார்ச். மல்டிமீட்டர் இருந்தால் நல்லது.

இப்போது அந்தக் கனமான காரணம்.

பூனைக் கத்தல் கத்திய அந்த மார்கழியில் குடும்பத்தோடு ஆசனூர் போவதாக இருந்தது. அன்னூர், புளியம்பட்டி, சத்தி, பண்ணாரி வழியாகத் திம்பம் ஏற வேண்டும். 27 கொண்டை ஊசி வளைவு. முதல் கியரிலும் இரண்டாவது கியரிலும் இன்ஜின் திணறிக்கொண்டு ஏறுகிற இடம். மாருதி 800-ல் இதே பெல்ட்தான் வாட்டர் பம்ப்பையும் சுற்றுகிறது. பெல்ட் போனால் பாட்டரி சார்ஜ் ஆகாது என்பதோடு முடிந்துவிடாது, தண்ணீரும் ஓடாது, இன்ஜின் கொதித்துவிடும். லாரிக்கு முன்னால் வளைவில் நின்றால் பின்னால் வருகிறவர்கள் என்ன சொல்வார்கள் என்று எழுத முடியாது. அதனால் ஒர்க்ஷாப்பில் விட்டுப் புது பெல்ட் போடச் சொன்னேன். போட்டார்கள். மலை ஏறி இறங்கி வந்தோம், ஒரு குறையும் இல்லை.

மூன்றாவது வாரம் மறுபடி அதே கத்தல்.

எனக்குக் கோபம். மட்டமான பெல்ட்டைப் போட்டுவிட்டார்கள் என்று நினைத்தேன். உண்மை அதுவல்ல. வி-பெல்ட் தன் அடிப்பக்கத்தால் புல்லியை (பெல்ட் ஓடுகிற பள்ளம் வைத்த சக்கரத்தை) பிடிப்பதில்லை. இரண்டு சரிந்த பக்கங்களும் பள்ளத்தின் சுவரில் ஆப்பு மாதிரி இறுகிக்கொண்டு பிடிக்கின்றன. புது பெல்ட்டின் பக்கங்கள் ஓட ஓட கொஞ்சம் தேய்ந்து பள்ளத்துக்குள் பொருந்தி உட்காரும். உள்ளே இருக்கிற நூல் கயிறுகளும் முதல் ஓட்டத்தில் சற்று நீளும். ஆக, எந்த நல்ல கம்பெனி பெல்ட்டும் முதல் சில நூறு கிலோமீட்டரில் தளரத்தான் செய்யும். அப்போது ஒரு முறை திறந்து மறுபடி முடுக்க வேண்டும். இந்த இரண்டாவது முடுக்கல்தான் வேலையின் பாதி. தறிக்குடோனில் புது பெல்ட் போட்டால் மறுநாளும், அந்த வாரக் கடைசியிலும் அய்யன் போய்த் தொட்டுப் பார்ப்பதைச் சின்ன வயசிலிருந்து பார்த்திருக்கிறேன். காருக்கும் அதுதான் என்று எனக்கு உறைக்கவில்லை.

இரண்டாவது முடுக்கலுக்கு யார் ஒர்க்ஷாப்புக்குத் திரும்பப் போகிறோம்? ‘வண்டி நல்லாத்தான் ஓடுது’ என்று விட்டுவிடுகிறோம். மெக்கானிக்குக்கும் இது தெரியும். அதனால் அவர் என்ன செய்கிறார்? பின்னால் தளரப்போவதையும் சேர்த்து முதலிலேயே வீணைக் கம்பி மாதிரி இழுத்துக் கட்டிவிடுகிறார். நான் இரண்டாம் தடவை கொண்டுபோனபோது அதுதான் நடந்தது. “இனி கத்தாதுங்ணா” என்றார் பையன். கத்தவில்லைதான். பெல்ட்டை அழுத்தினால் கம்பி மாதிரி நின்றது.

அந்த இழுப்பு எங்கே போகிறது? டைனமோவின் பேரிங்குக்கும் வாட்டர் பம்ப் பேரிங்குக்கும். இரண்டும் ராப்பகலாகப் பக்கவாட்டில் இழுபடும். எட்டு மாசம் கழித்து என் வண்டியில் ‘உய்ங்’ என்று வேறொரு சத்தம். ஆக்ஸிலரேட்டரை அழுத்த அழுத்தக் கூடவே ஏறுகிற சத்தம். டைனமோ பேரிங் மாற்ற வேண்டியதாயிற்று. நியாயமாகச் சொல்லவேண்டும் என்றால், அந்தப் பேரிங் பழசு, எப்படியும் போகிற காலம்தானோ என்னவோ. முறுக்கின பெல்ட்தான் கொன்றது என்று சத்தியம் பண்ண மாட்டேன். ஆனால் சந்தேகம் எனக்குப் போகவில்லை.

வீட்டில் செய்பவனுக்கு இந்த அவசரமே இல்லை. இன்றைக்கு அளவாக முடுக்கலாம், இரண்டு வாரம் கழித்துத் தளர்ந்திருந்தால் மறுபடி அளவாக முடுக்கலாம். மொத்த ஒப்பீடும் எனக்கு இந்த இடத்தில்தான் முடிகிறது.

நான் செய்கிற விதத்தைச் சொல்கிறேன். இன்ஜின் ஆறியிருக்க வேண்டும், சாவி கையில் இருக்க வேண்டும். பாட்டரியின் நெகட்டிவ் முனையைக் கழற்றிவிடுவேன். டைனமோவின் பின்னால் வரும் தடித்த ஒயரில் எப்போதும் மின்சாரம் உண்டு, ஸ்பேனர் அதிலும் பாடியிலும் சேர்ந்து பட்டால் வாணவேடிக்கைதான். கையில் மோதிரம், காப்பு இருந்தால் கழற்றி வைத்துவிடுங்கள்.

அடுத்தது பார்வை. பெல்ட்டின் உள்பக்கத்தை டார்ச் அடித்து, விரலால் திருப்பிப் பார்ப்பேன். குறுக்கே வெடிப்பு, ஓரத்தில் நூல் பிரிவது, பக்கங்கள் கண்ணாடி மாதிரி பளபளப்பது, எண்ணெய் ஈரம் இதில் எது இருந்தாலும் முடுக்கிப் பிரயோஜனமில்லை, மாற்ற வேண்டியதுதான். புல்லிப் பள்ளத்தின் அடித்தளம் மினுமினுவென்று இருந்தால் பெல்ட் தேய்ந்து கீழே உட்கார்ந்துவிட்டது என்று அர்த்தம். ஆப்புப் பிடி போய்விட்டது, எவ்வளவு இழுத்தாலும் வழுக்கும்.

அப்புறம் கட்டைவிரல். இரண்டு புல்லிக்கு நடுவே நீளமான இடத்தில் நன்றாக அழுத்தினால் அரை சென்டிமீட்டருக்கு மேல், ஒரு சென்டிமீட்டருக்குள் அமுங்க வேண்டும். உங்கள் வண்டிக் கையேட்டில் துல்லியமான அளவு இருக்கும், அதைப் பாருங்கள். எனக்கு இன்னொரு சோதனை பிடிக்கும். டைனமோ புல்லியைக் கையால் பிடித்துத் திருப்பிப் பார்ப்பேன். பெல்ட் அப்படியே நிற்க, புல்லி மட்டும் உள்ளே வழுக்கிச் சுற்றினால் தளர்வு. டைனமோ புல்லி சின்னது, பெல்ட் அதைச் சுற்றிப் பிடிக்கிற இடம் குறைவு. அதனால் எப்போதும் முதலில் வழுக்குவது அதுதான். காலையில் கத்துவதற்குக் காரணமும் இங்கேதான் இருக்கிறது. ஸ்டார்ட் பண்ணப் பாட்டரி கொடுத்ததை எல்லாம் டைனமோ உடனே திருப்பிக் கொடுக்கப் பார்க்கும், அந்த நேரத்தில் அதைச் சுற்றுவது கனம்.

முடுக்குவது என்றால், கீழே அச்சு மாதிரி இருக்கிற போல்ட்டையும், மேலே நீள ஓட்டைப் பட்டையில் இருக்கிற போல்ட்டையும் லேசாகத் தளர்த்த வேண்டும், முழுசாகக் கழற்றக் கூடாது. மரக்கட்டையை இன்ஜினுக்கும் டைனமோவுக்கும் நடுவே விட்டு வெளிப்பக்கமாக நெம்ப வேண்டும். நெம்புகிற இடம் புல்லிப் பக்கத்துக் கனமான முன்மூடியாக இருக்கட்டும். நடு உடம்பில் கொடுத்தால் டைனமோ கெட்டுவிடும். ஒரு கையால் இழுப்பைப் பிடித்துக்கொண்டே மேல் போல்ட்டை முடுக்க வேண்டும். மூன்றாவது கை இருந்தால் தேவலை என்று அப்போது தோன்றும். எனக்கு அந்தக் கை என் மகள். “அப்பா, போதும், விரல் வலிக்குது” என்று அவள் சொல்வதற்குள் முடுக்கிவிடுவேன். கீழ் போல்ட்டையும் முடுக்கி, பாட்டரியை மாட்டி, மறுபடி கட்டைவிரல். முடுக்கும்போது டைனமோ கொஞ்சம் நகர்ந்துவிடும், அதனால் முதல் தடவையிலேயே அளவு சரியாக வருவது அபூர்வம்.

கடைசியில் மல்டிமீட்டர். இன்ஜின் ஓடாதபோது நல்ல பாட்டரி 12.6 வோல்ட் காட்டும். ஸ்டார்ட் பண்ணினால் 13.8-லிருந்து 14.5-க்குள் வரவேண்டும். ஹெட்லைட், ப்ளோயர் எல்லாம் போட்டு, கொஞ்சம் ரேஸ் பண்ணியும் 13-க்குக் கீழேயே நின்றால் பெல்ட் இன்னும் வழுக்குகிறது, அல்லது கோளாறு டைனமோவிலேயே இருக்கிறது.

கத்தலை நிறுத்தச் சோப்பைத் தடவுகிறவர்களும் உண்டு. சத்தம்தான் நிற்கும், வழுக்கல் நிற்காது. தடவாதீர்கள்.

ஒர்க்ஷாப் ஜெயிக்கிற இடங்களும் இருக்கின்றன. ஓடுகிற பெல்ட்டில் கொஞ்சம் தண்ணீர் தெளித்தால் கத்தல் அதிகமானால் தளர்வு, நாம் பார்த்துக்கொள்ளலாம். சத்தம் சட்டென்று நின்று கொஞ்ச நேரத்தில் திரும்ப வந்தால், புல்லிகள் ஒரே நேர்கோட்டில் இல்லாமல் இருக்கலாம். அதை என் கண் அளவில் சரிபண்ண முடியவில்லை, ஒரு முறை முயன்று விட்டுவிட்டேன். ஆயில் சீல் ஒழுகிப் பெல்ட் நனைந்தாலும் அவர்களிடம்தான் போக வேண்டும். பேரிங் சத்தமா, பெல்ட் சத்தமா என்று காதால் பிரிப்பதில் அனுபவசாலி மெக்கானிக்கை நான் தொடக்கூட முடியாது. பஸ் ஸ்டாண்டு பக்கத்து எலக்ட்ரிகல் கடைக்காரர் இன்னொரு வழி. கூப்பிட்டால் வீட்டுக்கே வருவார், டைனமோவில் கெட்டிக்காரர். ஆனால் இரண்டாவது முடுக்கலுக்கு அவரையும் யாரும் கூப்பிடுவதில்லை.

புது வண்டிகளின் கதை வேறு. மச்சான் வண்டியில் அகலமான, பல கோடு போட்ட ஒரே பெல்ட் எல்லாவற்றையும் சுற்றிக்கொண்டு போகிறது, ஸ்பிரிங் வைத்த டென்ஷனர் தானே இழுத்துக்கொள்கிறது. அதில் முடுக்க எதுவுமில்லை, பெல்ட்டோ டென்ஷனரோ தேய்ந்தால் மாற்றுவதுதான். ஒரு தடவை பானெட்டைத் திறந்து பார்த்ததோடு சரி, கை வைத்ததில்லை. அந்த மாதிரி வண்டி வைத்திருப்பவர்களுக்கு நான் மேலே சொன்ன வாதம் பொருந்தாது, ஒர்க்ஷாப்பில் விடுங்கள். 2014-ல் உற்பத்தி நின்றுபோன 800, பழைய ஆம்னி மாதிரி வண்டிகளை இன்னும் ஓட்டுகிறவர்களுக்குத்தான் இது.

போன மாசம் புது பெல்ட் போட்டேன். பானெட்டின் உள்பக்கத்தில் ஒரு டேப் ஒட்டி, போட்ட தேதியும் மீட்டர் கணக்கும் எழுதியிருக்கிறேன். 260 கிலோமீட்டரில் ஒரு முறை முடுக்கினேன், அதுவும் எழுதியாயிற்று. கழற்றின பழைய பெல்ட்டில் இன்னும் வெடிப்பு இல்லை, அதனால் ஸ்பேனர் இரண்டையும் சேர்த்துச் சாக்கில் சுருட்டி டிக்கியில் போட்டு வைத்திருக்கிறேன். பொங்கலுக்கு மறுபடி திம்பம் ஏறுகிறோம்.