தண்டையார்பேட்டை மாடியில் பொலிவியா: ஆறு ஞாயிறு, அறுநூறு ரூபாய்

தண்டையார்பேட்டை மெட்ரோ நிலையத்திலிருந்து நடந்து போகும் தொலைவில், கீழே பழைய இரும்புக் கடையும் மேலே கேரம் பலகையும் நாளிதழ்களுமாக ஒரு படிப்பகம் இருக்கிறது. அதன் மொட்டைமாடிக் கொட்டகையில் ஞாயிறுதோறும் மாலை நான்கு முதல் ஆறு வரை, பொலிவியாவில் பழங்குடி மக்கள் நில உரிமைக்காக நடத்திய போராட்டங்களைப் பற்றி ஆறு வார வகுப்பு ஒன்றை நடத்தினார்கள். கட்டணம் 600 ரூபாய், மாணவர்களுக்கு அதில் பாதி. வீட்டில் இருந்தவர்கள் பொலிவியா எங்கே, நாம் எங்கே என்று கேட்டார்கள். சார்பதிவாளர் அலுவலகத்துக்கு எதிரே இருபத்திரண்டு ஆண்டுகளாகப் பத்திரம் எழுதிப் பிழைக்கிற எனக்கு, ஒரு நிலம் யாருடையது என்பதை இன்னொரு நாட்டில் எப்படி எழுதி வைத்தார்கள் என்று பார்க்க ஆசை. ஒரு வாரமும் தவறாமல் போய்வந்ததால், அடுத்த சுற்றில் சேர நினைப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன்.

வகுப்பை நடத்தியவர் கல்லூரியில் வரலாறு கற்பித்து ஓய்வுபெற்ற அம்மையார். ஸ்பானிய மொழி அறிந்தவர் என்பதால் சட்ட வாசகங்களை மூலத்திலிருந்தே படித்து, அங்கேயே தமிழில் சொல்லிவிடுகிறார். அந்தப் பயிற்சிக்காகவே பாதிக் கட்டணத்தைக் கொடுக்கலாம். முதல் இரண்டு வாரங்களில் 1952ஆம் ஆண்டுப் புரட்சியையும் 1953 ஆகஸ்டு 2 அன்று கோச்சபம்பா பள்ளத்தாக்கில் உக்குரேஞா என்ற ஊரில் அதிபர் விக்தோர் பாஸ் எஸ்தென்சோரோ கையெழுத்திட்ட நிலச் சீர்திருத்த ஆணையையும் எடுத்துக்கொண்டார். அதுவரை பண்ணை நிலத்தில் குடியிருந்த பழங்குடி உழவர் தம் துண்டு நிலத்துக்கு ஈடாகப் பண்ணையாரின் வயலில் கூலியின்றி உழைத்ததோடு, முறை வரும்போது அவர் வீட்டிலும் ஏவல் செய்ய வேண்டியிருந்தது. அந்த வேலைமுறைக்கு அம்மையார் 'வெட்டி' என்ற நம் பழைய சொல்லையே வைத்தது மிகப் பொருத்தம். உழுதவனுக்கே நிலம் என்ற ஆணையால் மலைநாட்டில் பண்ணைகள் உடைந்தன. ஆனால் கிழக்கே, அமேசான் சமவெளியில் வாழ்ந்த மக்களைப் பற்றி அதே ஆணையின் 129ஆம் பிரிவு சொல்வது வேறு: காட்டில் வாழும் அந்தக் கூட்டத்தார் 'காட்டுமிராண்டி நிலையில்' இருப்பதால் அரசின் பாதுகாப்பில் இருப்பார்களாம். அந்த வரியை அவர் இரண்டு முறை படித்தார். உழவனுக்கு நிலம் கொடுத்த சட்டம் காட்டில் இருந்தவனை நிலத்துக்கு உரியவனாகவே எண்ணவில்லை என்பதும், பின்னர் சாந்தா குரூஸ் பக்கத்தில் பெரும் பண்ணைகள் பெருகியது எப்படி என்பதும் அந்த ஒரு வரியிலேயே எனக்கு விளங்கிவிட்டன.

மூன்றாம் வாரந்தான் இந்த வகுப்பின் உயிர். 1990 ஆகஸ்டு 15 அன்று சமவெளியிலுள்ள திரினிதாத் நகரிலிருந்து சில நூறு பேர், பெண்களும் குழந்தைகளுமாக, தலைநகர் லா பாஸை நோக்கி நடக்கத் தொடங்கினார்கள். கடல் மட்டத்திலிருந்து நூற்றைம்பது மீட்டர் உயரத்தில் இருக்கும் ஊரிலிருந்து, 4,600 மீட்டருக்கு மேல் உயர்ந்த ஒரு கணவாயைக் கடந்து போக வேண்டும். வெயிலில் பிறந்து வளர்ந்தவர்கள் பனியில் ஏறினார்கள். கணவாயில் மலைநாட்டுப் பழங்குடியினரான ஐமரா மக்கள் திரண்டு வந்து அவர்களை வரவேற்றார்கள். மலைநாட்டாரும் சமவெளியாரும் அப்படிச் சந்தித்ததைச் சொல்லும்போது அம்மையாரின் குரல் சற்றே மாறியது. 34ஆம் நாள் நகரை அடைந்தார்கள். அதிபர் ஹைமே பாஸ் சமோரா அம்மாத இறுதிக்குள் ஆணைகள் பிறப்பித்து, சில பகுதிகளைப் பழங்குடி ஆட்புலங்களாக ஏற்றார். மறு ஆண்டு பழங்குடி மக்கள் பற்றிய பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பின் 169ஆம் உடன்படிக்கைக்கும் பொலிவியா ஒப்புதல் அளித்தது. அந்த உடன்படிக்கையில் இந்தியா இன்றுவரை சேரவில்லை.

அந்த நடைப்பயணத்தின் பெயரிலேயே ஒரு நுட்பம் உண்டு. அவர்கள் கேட்டது 'ஆட்புலமும் மாண்பும்'. 'நிலம்' என்று கேட்கவில்லை. நிலம் என்றால் இத்தனை ஹெக்டேர், நான்கு எல்லை, அளந்து கல் நட்டால் முடிந்தது. ஆட்புலம் என்றால் ஆறு, வேட்டைக்காடு, முன்னோரைப் புதைத்த இடம், அங்கே யார் சொல் செல்லும் என்ற அதிகாரம் எல்லாம் சேர்ந்தது. இதை விளக்க அம்மையார் கால் மணி நேரம் திணறியபோது, காசிமேட்டிலிருந்து வந்திருந்த படகுக்காரப் பெரியவர் எழுந்து, பழவேற்காடு ஏரியில் மீனவ ஊர்கள் முறை வைத்து வலை போடும் 'பாடு' உரிமையைச் சொன்னார். "பட்டா கெடையாது டீச்சர், ஆனா எந்த நாளு எந்த எடம் யாருதுன்னு ஊருக்குத் தெரியும்" என்றார். அதற்குப் பிறகு யாருக்கும் விளக்கம் தேவைப்படவில்லை.

நான்காம் வாரத்தில் எனக்கு ஒரு குறை. 1996ஆம் ஆண்டின் 1715ஆம் எண் சட்டம், பழங்குடிச் சமூகங்களுக்குக் கூட்டு உரிமை ஆவணம் வழங்க வழி செய்தது. அந்த நிலத்தை விற்க முடியாது, பிரிக்க முடியாது, கடனுக்கு ஜப்தி செய்ய முடியாது, நீண்டகால அனுபோகத்தைக் காட்டிப் பிறர் உரிமை கோரவும் முடியாது. இதற்குக் கையேட்டில் 'கூட்டுப்பட்டா' என்று போட்டிருக்கிறார்கள். பத்திரம் எழுதுகிற எவரும் இதை ஒப்ப மாட்டார்கள். நம் கூட்டுப்பட்டாவில் உள்ள ஐந்து பேரில் ஒருவர் நினைத்தால் அளந்து உட்பிரிவு செய்து தம் பங்கை நாளைக்கே விற்றுவிடலாம். பொலிவியச் சட்டம் தடுக்க நினைத்ததே அதைத்தான். ஒப்பிட்டே ஆக வேண்டுமானால், 1892இல் தொடங்கி ஒடுக்கப்பட்ட மக்களுக்குக் கொடுக்கப்பட்ட பஞ்சமி நிலம் கொஞ்சம் அருகில் வரும். அதிலும் பிறருக்கு விற்கத் தடை உண்டு. ஆனால் அது தனி ஆள் பெயரில் கொடுத்தது. தடை தாளில் இருந்தும் அந்த நிலங்கள் எவர் எவர் கைக்குப் போயின என்பது ஊரறிந்த கதை. வகுப்பு முடிந்ததும் இதைச் சொன்னேன். அம்மையார் முகம் சுளிக்காமல் குறித்துக்கொண்டு, அடுத்த அச்சில் 'பிரிக்கவியலாச் சமூக உடைமை' என்று மாற்றுவதாகச் சொன்னார். சொல் நீளம்தான், பொருள் சரி.

கோச்சபம்பாவில் 2000ஆம் ஆண்டு தண்ணீர் வழங்கலைத் தனியாருக்குக் கொடுத்ததை எதிர்த்த போராட்டமும், 2003 அக்டோபரில் எரிவாயு ஏற்றுமதிக்கு எதிராக எல் ஆல்டோ நகரம் எழுந்து, அறுபதுக்கு மேற்பட்டோர் உயிரிழந்து, அதிபர் சான்செஸ் தெ லொசாதா நாட்டை விட்டு ஓடியதும் ஐந்தாம் வாரத்தில் ஒரே மூச்சில் முடிக்கப்பட்டன. திரையில் படம் காட்டும் கருவி அன்று பழுதாகிவிட்டதால் அரை மணி நேரம் வீணானது. மீதி நேரம் ஓட்டமாக ஓடியது. தண்ணீர் லாரிக்குக் குடத்தை வரிசையில் வைத்துப் பழகிய இந்தப் பகுதியில், கோச்சபம்பாவுக்கு ஒரு வாரம் முழுதாகவே ஒதுக்கியிருக்கலாம்.

கடைசி வாரம் அதை ஈடு செய்தது. ஐமரா குடும்பத்தில் பிறந்து, கோக்கா பயிரிடுவோர் சங்கத் தலைவராக உயர்ந்த ஏவோ மொராலெஸ் 2005 டிசம்பர் அதிபர் தேர்தலில் பாதிக்கு மேற்பட்ட வாக்குகளுடன் வென்றார். 2009 ஜனவரி 25 வாக்கெடுப்பில் ஏறத்தாழ 61 விழுக்காட்டினர் ஏற்ற புதிய அரசமைப்பு, பொலிவியாவைப் பல்தேசிய அரசு என்று அறிவித்து, ஸ்பானியத்தோடு 36 பழங்குடி மொழிகளையும் ஆட்சிமொழிகளாக்கியது. தனியார் நில உச்சவரம்பு 5,000 ஹெக்டேர் என்றது. ஆனால் ஏற்கெனவே வைத்திருப்போரைத் தொடவில்லை. உச்சவரம்புச் சட்டங்களைப் பார்த்துப் பழகிய நமக்கு இதில் வியப்பு ஒன்றுமில்லை. அதைவிட முக்கியமானது, மண்ணுக்கு அடியில் உள்ள எண்ணெய், எரிவாயு, கனிமம் எல்லாம் நாட்டு மக்கள் அனைவருக்கும் உரியவை, அரசு அவற்றை நிர்வகிக்கும் என்ற பிரிவு. மேல்மண் சமூகத்துக்கு, அடிமண் அரசுக்கு.

இந்த இடத்தில் அம்மையார் சுற்றி வளைக்காமல் திப்னிஸ் என்ற காட்டின் கதைக்கு வந்தார். பன்னிரண்டாயிரம் சதுர கிலோமீட்டரைத் தொடும் இந்தக் காடு 1965 முதல் தேசியப் பூங்கா. 1990 பயணத்தின் பயனாகப் பழங்குடி ஆட்புலமும் ஆனது. மொஹேஞோ, யுரக்காரே, திசிமானே மக்கள் அங்கே வாழ்கிறார்கள். அதன் நடுவே, பிரேசில் நிறுவனம் ஒன்றைக் கொண்டு, வில்யா துனாரியிலிருந்து சான் இக்னாசியோ தெ மொஹோசுக்கு நெடுஞ்சாலை போட மொராலெஸ் அரசே முடிவு செய்தது. 2011 ஆகஸ்டு 15 அன்று, அதே நாளில் அதே திரினிதாத்திலிருந்து மீண்டும் நடந்தார்கள். வழியில் யுக்குமோவில் மறித்து நின்றவர்கள் பண்ணையார்கள் அல்லர். மலைநாட்டிலிருந்து வந்து குடியேறிய உழவர்கள், அவர்களும் பழங்குடி மரபினர். செப்டம்பர் 25 அன்று சப்பரீனாவில் காவல்துறை தடியடி நடத்திப் பலரைப் பேருந்துகளில் ஏற்றியது. இதைக் கண்டித்துப் பாதுகாப்பு அமைச்சர் செசிலியா சக்கோன் பதவி விலகினார். பயணம் அக்டோபர் 19 அன்று லா பாஸுக்குள் நுழைந்தது. ஐந்து நாளில் சாலைக்குத் தடை விதித்த 180ஆம் சட்டம் வந்தது. 2017இல் 969ஆம் சட்டம் அந்தத் தடையை நீக்கிவிட்டது.

சட்டக் கல்லூரி மாணவி ஒருவர், மொராலெஸ் நல்லவரா கெட்டவரா என்று கேட்டார். அம்மையார் பதிலாகக் கரும்பலகையில் மூன்று கோடுகள் போட்டு, உழும் உரிமை, ஆவண உரிமை, வேண்டாம் என்று சொல்லும் உரிமை என்று எழுதி, 1953, 1996, 2011 என்று எதிரே ஆண்டுகளைக் குறித்தார். மூன்றாவதன் எதிரே 2011ஐ எழுதி அருகில் ஒரு கேள்விக்குறி. நான் கொடுத்த 600 ரூபாய்க்கு அந்தக் கரும்பலகை ஒன்றே போதும்.

குறைகள் இன்னும் சில உண்டு. 2019இல் சிக்கித்தானியாக் காடுகள் பல இலட்சம் ஹெக்டேர் எரிந்ததும், அதற்குச் சற்று முன்னர்தான் நிலத்தைத் திருத்த நெருப்பு வைக்கும் அனுமதியை அரசு விரிவாக்கியிருந்தது என்பதும் பத்து நிமிடத்தில் போயின. 80 ரூபாய்க்கு விற்கும் கையேட்டில் நிலப்படம் நகலெடுத்து நகலெடுத்துக் கறுத்திருக்கிறது; ஒரே ஊரின் பெயர் மூன்று பக்கத்தில் மூன்று விதமாக இருக்கிறது. திருத்திய பதிப்பு வரும்வரை அதை வாங்க வேண்டாம், குறிப்பேடு கொண்டுபோனால் போதும். கொட்டகையில் இரண்டே மின்விசிறிகள். மூன்றரைக்குப் போனால்தான் அதன் கீழே நாற்காலி கிடைக்கும். தேநீர் நன்றாக இருக்கிறது, இஞ்சி தட்டிப் போடுகிறார்கள்.

கடைசி நாளில் வகுப்பு முடிந்த பின்னும் ஏழெட்டுப் பேர் படிக்கட்டில் நின்றுகொண்டிருந்தோம். பொலிவியாவின் முதல் பழங்குடித் தன்னாட்சிப் பகுதியாக 2017இல் செயல்படத் தொடங்கிய சராகுவா, தமிழ்நாட்டில் பாதிக்கு மேல் பரப்புள்ளது. குவரானி மக்கள் அதன் பெயரோடு 'இயம்பாயே' என்று சேர்த்திருக்கிறார்கள். எசமான் இல்லாதது என்று பொருளாம். "அண்ணே, உங்க பத்திரத்துல உரிமையாளர்னு இருக்கிற எடத்துல இதை எப்படி எழுதுவீங்க?" என்று அந்த மாணவி என்னைக் கேட்டார். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். அடுத்த சுற்று பொங்கலுக்குப் பிறகு தொடங்குகிறது. நான்காம் வாரத்துக்கு மட்டுமாவது மறுபடியும் போவதாக இருக்கிறேன்.