மனு எழுதும் பெரியவரும் எங்கள் அத்தையின் தியாகி பென்ஷனும்

ஐந்துக்கு நான்கு நட்சத்திரம். ஒன்றை ஏன் குறைத்தேன் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

கலெக்டர் ஆபீஸ் எதிரே வேப்பமரத்தடியில் ஒரு மடக்கு மேஜை, ஒரு டைப்ரைட்டர், ஒரு பெரியவர். பெயர்ப் பலகை கிடையாது. டீக்கடையில் கேட்டால் கை காட்டுவார்கள். மதியம் ஒரு மணிக்குக் கடையைக் கட்டிவிடுவார், அதனால் காலையிலேயே போய்விடுங்கள். ஒரு மனுவுக்கு ஐந்நூறு ரூபாய். ரசீதெல்லாம் கேட்கக் கூடாது.

எங்கள் அய்யா, அதாவது அப்பாவின் அப்பா, 1942 ஆகஸ்டில் வெள்ளையனே வெளியேறு போராட்டத்தில் தேவகோட்டைக் கோர்ட் எரிந்த சமயத்தில் கைதானவர். சுதந்திரப் போராட்டத் தியாகி என்று அவருக்கு வந்த மத்திய அரசு பென்ஷன், அவருக்குப் பிறகு அப்பத்தாவுக்கு வந்தது. போன வருஷம் அப்பத்தாவும் போய்விட்டார். மனைவிக்கு அடுத்தபடியாகக் கல்யாணம் ஆகாத, வருமானம் இல்லாத மகளுக்கு இதில் இடம் உண்டு. மகனுக்குக் கிடையாது. அப்பத்தாவைப் பார்த்துக்கொண்டே காலத்தை ஓட்டிவிட்ட எங்கள் அத்தைக்கு இப்போது 72 வயது. பென்ஷன் உத்தரவைத்தான் வீட்டில் எங்கே தேடியும் காணோம். வங்கியிலும் நகல் இல்லை என்று கையை விரித்துவிட்டார்கள்.

கரையான் அரித்தது போக மிஞ்சிய காகிதக் கட்டை ஒரு மஞ்சள் பையில் போட்டுக்கொண்டு போனேன். நெட்டில் பார்த்து நானே ஒரு மனுவும் எழுதி வைத்திருந்தேன். "தியாகச் செம்மலின் திருமகள்" என்று ஆரம்பிக்கும். பெரியவர் அதை வாங்கிப் படித்துவிட்டு, மடித்து மேஜைக் காலுக்கு முட்டுக் கொடுத்தார். கோபம்தான் வந்தது, ஆனால் மேஜை ஆட்டம் நின்றுவிட்டது.

பிறகு கட்டைப் பிரித்தார். அரை மணி நேரம் பேச்சே இல்லை. அய்யா 1981-இல் போட்ட மனுவின் கார்பன் நகல் அதில் இருந்தது. அந்தக் காலத்தில் 1982 மார்ச் 31 வரைதான் கெடு. குறைந்தது ஆறு மாதம் உள்ளே இருந்திருக்க வேண்டும். பெண்களுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும் மூன்று மாதம் போதும். அய்யா மதுரையில் கொஞ்ச நாளும் அலிப்புரம் ஜெயிலில் ஒன்பது மாதமும் இருந்திருக்கிறார். சான்று கேட்டு எழுதினால், அந்த வருஷத்துப் பதிவேடே இல்லை என்று பதில். அலிப்புரம் இருப்பது பெல்லாரியில். அன்றைக்கு அது சென்னை மாகாணம். 1953-இல் பெல்லாரி மைசூர் மாநிலத்தோடு போய்விட்டது. எந்த சர்க்காரைக் கேட்பது?

"கோர்ட்டை எரிச்ச வழக்குல பிடிச்ச ஆளுகிட்ட கோர்ட்டுக் காகிதம் கேட்டா அவரு எங்க போவாரு, தம்பி?" என்றார் பெரியவர்.

அதற்கும் வழி இருந்திருக்கிறது. பதிவேடு இல்லை என்பதற்கே அரசிடம் ஒரு சான்று வாங்க வேண்டும். கூடவே, ஒன்றாகச் சிறையில் இருந்த இரண்டு பேர் எழுதித் தரும் சக கைதிச் சான்று. அய்யா இரண்டையும் வாங்கி வைத்திருக்கிறார். ஒரு சக கைதியின் கடிதத்தில், ஜெயிலில் கிடைத்த கேப்பைக் களியைப் பற்றி நாலு வரி. அதைப் பெரியவர் எனக்குச் சத்தமாகவே படித்துக் காட்டினார். வேலைக்குத் தேவையில்லைதான், இருந்தாலும் ஐந்நூறில் அதையும் சேர்த்துக்கொள்ளலாம்.

அப்புறம்தான் விஷயத்துக்கு வந்தார். "உங்க அய்யா தியாகின்னு அவரே நிரூபிச்சுட்டுப் போயிட்டாரு. நீங்க அதைத் திரும்ப ஆரம்பிக்காதீங்க. அத்தைக்குக் கல்யாணம் ஆகலைன்னு காட்டுங்க, போதும்."

நடக்காத கல்யாணத்துக்கு எந்த ரிஜிஸ்டரைப் போய்ப் புரட்டுவது? அதற்கும் தாசில்தார் சான்று உண்டாம், திருமணம் ஆகாதவர் சான்றிதழ் என்றே பெயர். இ-சேவையில் பதிந்து, வி.ஏ.ஓ., ஆர்.ஐ. (வருவாய் ஆய்வாளர்) என்று போய் வரும். அய்யாவுக்கு "பதிவேடு இல்லை", அத்தைக்கு "கல்யாணம் இல்லை". எங்கள் குடும்பத்துக்கு இல்லாததுதான் சொத்து போலிருக்கிறது.

1981 மனுவின் குடும்ப விவரத்தில் அத்தை பெயர் இருப்பதைக் கண்டுபிடித்தவரும் பெரியவர்தான். டில்லியிலிருந்து வந்த ஒரு பழைய கடிதத்தின் தலையில் பாதி அழிந்திருந்த கோப்பு எண்ணை லென்ஸ் வைத்து எடுத்தார். அப்பத்தாவின் பாஸ்புக்கில் பென்ஷன் வரவான பக்கங்களை ஜெராக்ஸ் எடுக்கச் சொன்னார். மனு ஒன்றரைப் பக்கம், எல்லாம் தேதியும் எண்ணும்தான். கடைசியில் ஒரே ஒரு வரி மட்டும் சட்டம்: 2001-இல் குர்தியால் சிங் வழக்கில், இந்த மாதிரி கோரிக்கைகளைக் கிரிமினல் வழக்குபோலச் சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்கச் சொல்லக் கூடாது, நடந்திருக்க வாய்ப்பு உண்டா என்று பார்த்தால் போதும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அதை டைப் அடிக்கும்போது மட்டும் பெரியவர் கொஞ்சம் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

சரி, குறைத்த நட்சத்திரம். பழைய நகலைப் பார்த்து அடித்ததில், அத்தையின் வயதையும் அப்படியே 28 என்று அடித்துவிட்டார். நானும் கவனிக்கவில்லை. மூன்று வாரம் கழித்து மனு திரும்பி வந்தது. திருத்தி அடித்துக் கொடுத்ததற்குக் காசு வாங்கவில்லை, டைப்ரைட்டரைத்தான் திட்டினார். மறுபடி அனுப்பியிருக்கிறோம், இன்னும் பதில் வரவில்லை.

திரும்பி வந்த மனுவை அத்தை தரவில்லை. பீரோவில் வைத்துப் பூட்டியிருக்கிறார்.