ஒரோச்சி (1925): நல்லவனுக்கு கெட்ட பேர்

சாமுராய் படம்னா விசுவாசம், மானம், கடைசில வயித்தக் கிழிச்சுக்கிட்டு சாவாங்கன்னு நெனச்சுதான் உக்காந்தேன், இது என்னடான்னா ஆரம்பத்துலயே கெட்டவன்னு பேர் வாங்குனவன் எல்லாம் கெட்டவனும் இல்ல, பெரிய மனுஷன்னு பேர் வாங்குனவன் எல்லாம் யோக்கியனும் இல்லங்கிற மாதிரி கார்டு போட்டுருது. மௌனப் படம், டைரக்டர் புன்டாரோ ஃபுடகாவா, ஹீரோ பாண்டோ சுமசபுரோ. முதல்ல வச்ச தலைப்புக்கு போக்கிரின்னு அர்த்தமாம், சென்சார்காரங்க ஒத்துக்கல, அதான் ஒரோச்சி, அதாவது பெரிய பாம்பு.

ஹெய்சபுரோ அந்தஸ்து கம்மியான சாமுராய். குருவோட பிறந்தநாள் விருந்துல பெரிய இடத்துப் பையன் ஒருத்தன் வம்புக்கு இழுக்குறான், பழி மட்டும் இவன் தலைல. அப்புறம் குருவோட பொண்ணு நாமியேவ பத்தி தப்பா பேசுனவங்கள அடிக்கிறான், என்ன ஏதுன்னு கூட கேக்காம குருவே வெளிய அனுப்பிடறார். விசுவாசமா இருந்தவன் இவன் ஒருத்தன்தான், மரியாதை மட்டும் மத்தவங்களுக்கு!

நடுவுல கொஞ்சம் இழுவை. தப்பா புரிஞ்சுக்கிறாங்க, ஜெயிலு, வெளிய வர்றான், திரும்பவும் அதே கதை. ஓட்டல் பொண்ணு ஒச்சியோவ கடத்துற எடத்துல எனக்கு அவன் மேல பரிதாபமே வரல, அத சொல்லியே ஆகணும்.

ஆனா கடைசி சண்டை இருக்கே, யப்பா! ஊரே நல்லவன்னு கும்புடுற ஒரு தாதா, புருஷனோட வந்து தங்குற நாமியே கிட்ட தப்பா நடக்கப் பாக்குறான், ஹெய்சபுரோ அவன வெட்டிடறான், அவ்ளோதான், போலீஸ் கூட்டம் மொத்தமும் சுத்தி வளைக்குது, கயிற வீசுறாங்க, இவன் முடி அவுந்து மூஞ்சில விழ, தடுமாறி ஓடுறான், நிக்குறான், மூச்சு வாங்குறான், மறுபடி வெட்டுறான். டான்ஸ் மாதிரி அழகா ஆடுற சண்டை இல்ல இது, மாட்டிக்கிட்ட மிருகம் மாதிரி இருக்கு. கட்டி இழுத்துட்டுப் போறப்ப வேடிக்கை பாக்குற கூட்டம் திட்டுது, நாமியேவும் அவ புருஷனும் மட்டும் அழுதுக்கிட்டே கும்புடுறாங்க.

பாக்குறதா இருந்தா பென்ஷி குரலோட வர்ற பிரிண்ட்ட தேடிப் பாருங்க. அந்தக் காலத்துல ஜப்பான் தியேட்டர்ல திரை பக்கத்துலயே நின்னு எல்லா கேரக்டருக்கும் குரல் குடுத்து கதை சொல்றவங்கதான் பென்ஷி, டைரக்டர் அகிரா குரோசவாவோட அண்ணன் கூட அந்த வேலைதான் பாத்தாரு. வெறும் மியூசிக்கோட பாத்தப்ப பாதில தூங்கிட்டேன், பென்ஷியோட பாத்தப்ப சீட்ட விட்டு எந்திரிக்கவே இல்ல.