தி அவுட்சைடர்ஸா, சிக்ஸ் ஆஃப் குரோஸா?

வீட்டில் கிடைக்காத பாசத்தைக் கூட்டாளிகளிடம் தேடும் பதின்வயதினர் கதை என்றால் இந்த இரண்டு நாவல்களின் பெயரும் அடிபடும். எஸ். இ. ஹிண்டனின் ‘தி அவுட்சைடர்ஸ்’ 1967இல் வந்தது. அப்போது அவருக்கு வயது 18தான். லீ பர்டுகோவின் ‘சிக்ஸ் ஆஃப் குரோஸ்’ 2015இல் வந்த மாயாஜாலக் கதை.

ஹிண்டனின் ஜானியை வீட்டில் சீந்த ஆளில்லை, அடிதான். தெருப் பையன்களுக்கோ அவன் செல்லப்பிள்ளை. நீரூற்றில் நண்பன் போனிபாயின் தலையைப் பணக்காரப் பையன்கள் அமுக்கும்போது, கத்தியை எடுப்பது அந்தப் பயந்த சுபாவக்காரன்தான். அப்புறம் இருவரும் அதே கூட்டத்து டாலியிடம் ஓடுகிறார்கள். அவன் உபதேசம் செய்வதில்லை. பணம், துப்பாக்கி, ஒளிய ஓர் இடம், அவ்வளவுதான்.

பர்டுகோவின் ஆறு பேர் சேர்வது பெரும்பாலும் காசுக்காக. ஒரு கைதியைச் சிறையிலிருந்து கடத்திவரக் கூலி 3 கோடி குரூகெ, அதாவது அந்தக் கதை உலகத்துப் பணம். தலைவன் காஸுக்கு அடுத்தவர் தோல் பட்டாலே ஆகாது, கையுறையைக் கழற்றமாட்டான். அவன்தான் கத்திக்குத்துப்பட்ட கூட்டாளி இனேஜைத் தூக்கிக்கொண்டு, நொண்டிக் காலோடு கப்பலுக்குப் போகிறான். அன்பாக ஒரு வார்த்தை? மூச்.

விறுவிறுப்புக்கு பர்டுகோ. ஆனால் விசுவாசம் என்று வந்தால் என் ஓட்டு ஹிண்டனுக்கு. அங்கே யாருக்கும் லாபக் கணக்கு இல்லை. அழவும் வைக்கும், சொல்லிவிட்டேன்.

சின்னப் புத்தகம் என்பதால் ஹிண்டனிலிருந்தே தொடங்கலாம். ‘குரோஸ்’ கதை ‘குரூக்கட் கிங்டம்’ நாவலில்தான் முடிகிறது. வாங்குவதானால் இரண்டையும் சேர்த்தே வாங்குங்கள்.