பேய்ப்பட இரண்டாம் பாகம் எழுத ஃபவுண்டன் எப்படி?

திரைக்கதையை வெறும் உரைக்கோப்பாக எழுத உதவும் குறிமுறைதான் ஃபவுண்டன். ஜோன் ஓகஸ்ட், ஸ்டூ மாஷ்விட்ஸ் முதலானோர் 2012இல் வெளியிட்டது. காசு கிடையாது; போனில் இருக்கும் எந்த நோட்பேடிலும் எழுதலாம். இலங்கை மலையகத்தில், ஹட்டனிலோ பண்டாரவளையிலோ இருந்து சின்னப் பட்ஜெட் பேய்ப்படத்துக்கு இரண்டாம் பாகம் எழுதுபவர் தயங்காமல் எடுக்கலாம். தமிழில் மட்டும் சில இடங்களில் காலை வாரும்.

ஆங்கிலத்தில் பெயரைப் பெரிய எழுத்தில் அடித்தால், பேசுபவர் அவர் என்று ஃபவுண்டன் கண்டுகொள்ளும். தமிழில் பெரிய எழுத்து இல்லாததால் ஒவ்வொரு பெயருக்கும் முன்னால் @ போடவேண்டும்: @கங்காணி. மறந்தால் வசனமும் காட்சி விவரமாகிப் பக்கம் முழுக்கப் பரவிவிடும். பெயருக்கும் வசனத்துக்கும் இடையில் வெற்று வரி விட்டாலும் இதே கதிதான். காட்சித் தலைப்புக்கு முன்னால் ஒரு புள்ளி: .உள். லயன் காம்பரா - இரவு

தயாரிப்பாளரின் காசு இந்தத் தலைப்பில்தான் இருக்கிறது. தோட்டத் தொழிலாளர் வரிசை வீடு என்ற ஒரே இடத்தை ஓரிடத்தில் "லயன் காம்பரா", இன்னோரிடத்தில் "லயத்து வீடு" என்று எழுதினால், அட்டவணை போடுபவர் இரண்டு லொக்கேஷன் என்று கணக்கிடுவார். இரண்டாம் பாகத்துக்குப் பெரும்பாலும் கிடைப்பது அதே பங்களா, அதே தேயிலை ஸ்டோர் (தொழிற்சாலை), குறைந்த நாட்கள். ஆகவே "வெளி - இரவு" தலைப்புகளைத் தேடி எண்ணுங்கள். ஒவ்வொன்றும் ஜெனரேட்டரும் லைட்டும் கேட்கும். "உள் - இரவு" என்றால் ஜன்னலைக் கறுப்புத் துணியால் மூடிப் பகலிலேயே எடுக்கலாம். பனிமூட்டத்தை நம்பி நீண்ட காட்சி எழுதவேண்டாம். ஒரு ஷொட்டுக்கும் அடுத்ததற்கும் இடையில் கலைந்துபோனால் இரண்டும் ஒட்டாது.

முதற்பாகத்தோடு முரண்படாமல் இருக்க [[ ]] குறிப்பு அருமையான வசதி. [[ரோதமுனி சாமிக்கு ஏற்றிய விளக்கு முதற்பாகத்திலேயே அணைந்துவிட்டது]] என்று அந்தந்தக் காட்சியிலேயே எழுதிவைக்கலாம். அச்சில் வராமலும் பண்ணலாம். வெட்டச் சொன்ன காட்சியை அழிக்காமல் /* */ க்குள் போடுங்கள், நாளைக்கே திருப்பிக் கேட்பார்கள். எண்ணிட்ட பிறகு நடுவில் நுழையும் காட்சிக்கு #12-1# என்று கொடுத்தால் மற்ற எண்கள் கலையாது.

பாமினி என்ற பழைய எழுத்துருவில் அடிக்கவே கூடாது. அதில் ஜ, ஸ இரண்டும் [ ] குறிகளின் இடத்தில் இருப்பதால் குறிப்புகள் குழம்பும். யுனிகோட் மட்டும்தான்.

பெரிய குறை பக்கக் கணக்கு. ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்பது 12 புள்ளி கூரியர் எழுத்துருவில், ஆங்கிலத்துக்கு வந்த வழக்கம். தமிழ்ச் சொற்கள் நீளம். எழுத்துகளின் அகலமும் ஒன்றுபோல் இல்லை. பேய்ப்படத்தில் "கதவு மெல்லத் திறக்கிறது" என்ற ஒற்றை வரியே திரையில் அரை நிமிடம் ஓடலாம். மௌனத்தையும் சேர்த்து வாசித்து, ஸ்டொப்வொச் பிடித்துத்தான் நீளம் சொல்லவேண்டும்.

கூரியர் பிரைம் எழுத்துருவில் தமிழ் கிடையாது. ஃபவுண்டன் செயலியில் பிடிஎஃப் எடுக்கும்போது கட்டம் கட்டமாக வந்தால் நோட்டோ சான்ஸ் தமிழுக்கு மாற்றுங்கள். அதற்கு இடம் தராத செயலியென்றால் வேறொன்றைப் பாருங்கள். முழுப் பிரதியை அனுப்புமுன் ஒரு பக்கத்தை எடுத்துப் பார்த்துவிடுவது நல்லது.